வீட்டு மின்சாதனங்களின் இயக்கச் செலவைக் கணக்கிடுதல்

ஒரு மின்சாதனம் குறிப்பிட்ட காலத்தில் செலவழிக்கும் மின்சாரத்தை யூனிட்டில் கண்டு, அதற்கான கட்டணத்தை மதிப்பிடுவதே இயக்கச் செலவுக் கணக்கு ஆகும். 1000 வாட் திறனுள்ள கருவி 1 மணி நேரம் இயங்கினால் 1 யூனிட் செலவாகும்.

யூனிட் = வாட் × மணி நேரம் ÷ 1000

தமிழ்நாட்டில் வீடுகளுக்கு இரண்டு மாதத்திற்கு ஒருமுறை கட்டணம் கணக்கிடப்படுவதால், 60 நாள்களுக்குக் கணக்கிடுவது வசதியானது.

ஒரு நெசவாளர் வீடு

காஞ்சிபுரத்தில் பிள்ளையார்பாளையம் போன்ற பகுதிகளில் பட்டுத்தறி வீட்டிற்குள்ளேயே இருக்கும். கைத்தறி கை கால்களால் இயங்குவது; எனினும் விளக்கும் மின்விசிறியும் வேண்டும். அத்தகைய வீட்டின் 60 நாள் மாதிரிக் கணக்கு:

- தறி விளக்குகள் (20 வாட் எல்.இ.டி. 2, தினம் 10 மணி): 24 யூனிட்
- தறி அருகே மின்விசிறி (75 வாட், 12 மணி): 54
- படுக்கையறை மின்விசிறி (75 வாட், 8 மணி): 36
- பிற விளக்குகள் (40 வாட், 5 மணி): 12
- தொலைக்காட்சி (80 வாட், 4 மணி): 19
- மிக்சி (750 வாட், 10 நிமிடம்): 8
- தண்ணீர் மோட்டார் (1000 வாட், அரை மணி): 30
- குளிர்சாதனப் பெட்டி: 40

மொத்தம் சுமார் 223 யூனிட். குளிர்சாதனப் பெட்டியின் கம்ப்ரசர் விட்டுவிட்டு இயங்குவதால் வாட்டை 24 மணியால் பெருக்கக் கூடாது. நட்சத்திரக் குறியீட்டுச் சீட்டிலுள்ள ஆண்டு யூனிட்டை 6 ஆல் வகுக்க வேண்டும். இங்கு ஆண்டுக்கு 240 எனக் கொள்ளப்பட்டது.

யூனிட்டிலிருந்து ரூபாய்க்கு

2022 செப்டம்பர் 10 முதல் நடைமுறைக்கு வந்த கட்டணத்தில் முதல் 100 யூனிட் இலவசம். மொத்தம் 500 யூனிட் வரை பயன்படுத்துவோருக்கு 101–200 வரை ரூ.2.25, 201–400 வரை ரூ.4.50, 401–500 வரை ரூ.6. மொத்தம் 500 ஐத் தாண்டினால் ரூ.2.25 சலுகை நீங்கி, 101–400 முழுவதற்கும் ரூ.4.50 ஆகும், 501–600 வரை ரூ.8. எனவே 500 யூனிட்டுக்கு ரூ.1,725, 501 யூனிட்டுக்கு ரூ.1,958. அந்த ஒரு யூனிட்டின் விலை ரூ.233.

கைத்தறி நெசவாளர்களுக்கான இலவச அளவு 2023 இல் 200 யூனிட்டிலிருந்து 300 ஆக உயர்த்தப்பட்டது. எனவே சலுகை பெற்ற நெசவாளர் வீட்டில் 223 யூனிட்டுக்குக் கட்டணம் இல்லை. சலுகை இல்லாத வீட்டில் அதே பயன்பாட்டிற்கு ரூ.328.50 ஆகும்.

சேமிப்பின் மதிப்பு

தறி அருகே உள்ள 75 வாட் மின்விசிறிக்குப் பதிலாக 30 வாட் பி.எல்.டி.சி. மின்விசிறி மாட்டினால் சுமார் 32 யூனிட் மிச்சமாகும். அதன் பண மதிப்பு வீட்டுக்கு வீடு மாறும்:

- சலுகை பெற்ற நெசவாளர் வீடு: பணச் சேமிப்பு இல்லை
- 223 யூனிட் செலவாகும் சாதாரண வீடு: சுமார் ரூ.124
- அதே வீட்டில் மணிக்கு 1 யூனிட் வீதம் தினம் 5 மணி ஏ.சி. ஓடி, 523 யூனிட் ஆனால்: சுமார் ரூ.463

ஆகவே கட்டணத் தொகையை யூனிட்டால் வகுத்து வரும் சராசரியைக் கொண்டு புதிய சாதனத்தின் செலவை மதிப்பிடுவது தவறாகும். அந்தச் சாதனத்துடன் ஒருமுறை, அது இல்லாமல் ஒருமுறை என முழுக் கட்டணத்தையும் கணக்கிட்டு, வித்தியாசத்தைக் காண வேண்டும். 2024 ஜூலையில் விகிதங்கள் உயர்ந்தன. நடப்பு விகிதங்களை இட்டாலும் கணக்கிடும் முறை இதுவே.