சென்னைக்குக் கோப்பை வாங்கிக் கொடுத்த ஸ்பெயின் தடுப்பாட்டக்காரர்: யார் இந்த இனிகோ கால்டெரோன்?

2018 மார்ச் 17, சனிக்கிழமை இரவு. பெங்களூரு கண்டீரவா மைதானத்தில் ஐஎஸ்எல் இறுதிப்போட்டி. சொந்த மண்ணில் ஆடும் பெங்களூரு எஃப்சி-யை எதிர்த்து சென்னையின் எஃப்சி. ஆட்டம் தொடங்கி 9-வது நிமிடத்திலேயே சுனில் சேத்ரி கோல் அடித்துவிட்டார்.

சென்னை ரசிகர்கள் பலரும் "அவ்வளவுதான், முடிஞ்சுது" என்று நினைத்த நேரம் அது. விழுப்புரம், திண்டிவனம் மாதிரி ஊர்களில் வீட்டு டிவியிலும் செல்போனிலும் மேட்ச் பார்த்தவர்களுக்கும் அதே பதற்றம்தான்.

ஆனால் ஆட்டம் முடிந்தபோது ஸ்கோர் 3-2. கோப்பை சென்னைக்கு.

அந்த அணியில் வலது ஓரத்தைக் காத்து நின்றவருக்கு அப்போது வயது 36. பெயர் இனிகோ கால்டெரோன். ஸ்பெயின்காரர். அவர் கோல் அடிக்கவில்லை. மறுநாள் தலைப்புச் செய்தியிலும் அவர் பெயர் பெரிதாக வரவில்லை. ஆனாலும், அந்தக் கோப்பை வரைக்கும் அவர் வந்து சேர்ந்த பாதை ஒரு தனிக்கதை.

யார் இந்த கால்டெரோன்?

1982 ஜனவரி 4-ம் தேதி, ஸ்பெயினின் வடக்கே பாஸ்க் பகுதியில் உள்ள விட்டோரியா நகரத்தில் பிறந்தவர். மாட்ரிட், பார்சிலோனா போல உலகமே அறிந்த ஊர் இல்லை. ஆனால் கால்பந்து ரசிகர்களுக்கு அந்த ஊரின் 'அலாவேஸ்' கிளப்பைத் தெரியும்.

2001-ல் ஐரோப்பாவின் யுஇஎஃப்ஏ கோப்பை இறுதிப்போட்டி வரை வந்து, லிவர்பூலிடம் 5-4 என்ற கணக்கில் கூடுதல் நேரத்தில் தோற்ற அணி அது. கால்டெரோனுக்கு அப்போது 19 வயது.

ஸ்பெயினில் பிறந்த நல்ல கால்பந்து வீரர் என்றால் ரியல் மாட்ரிட், பார்சிலோனா என்று போயிருப்பார் என்றுதான் நமக்குத் தோன்றும். கால்டெரோன் கதை அப்படி இல்லை. தொடக்கத்தில் பல வருடங்கள் கீழ்நிலை லீக்குகளில்தான் ஆடினார். 2007-ல் சொந்த ஊர் அணியான அலாவேஸுக்காக இரண்டாம் நிலை லீக்கில் ஆடும் வாய்ப்பு வந்தது. 2009-ல் அந்த அணியும் மூன்றாம் நிலைக்குத் தள்ளப்பட்டது.

அப்போது அவருக்கு 27 வயது. ஒரு கால்பந்து வீரரின் உச்சக் காலம் என்று சொல்லப்படும் வயது. கையில் சொல்லிக்கொள்ள எதுவும் இல்லை.

'ரைட் பேக்' அப்படின்னா என்ன?

கால்டெரோன் ஆடிய இடத்தின் பெயர் ரைட் பேக். அதாவது கோல் கீப்பருக்கு முன்னால் நிற்கும் நான்கு தடுப்பாட்டக்காரர்களில் வலது ஓரத்தில் நிற்பவர்.

வேலை என்னவோ கேட்க எளிமையாகத்தான் இருக்கும். எதிரணியின் இடதுபக்க விங்கர் பந்தோடு ஓடி வரும்போது அவரை மறிக்க வேண்டும். கோல் பகுதிக்குள் கிராஸ் போடவிடக் கூடாது.

ஆனால் அதோடு முடியாது. தன் அணி தாக்கப் போகும்போது அவரும் எல்லைக்கோட்டை ஒட்டியே மேலே ஓட வேண்டும். பந்து பறிபோனால் அதே வேகத்தில் பின்னால் திரும்பி வர வேண்டும். 90 நிமிடமும் இதே கதைதான்.

ஸ்ட்ரைக்கர் பத்து வாய்ப்பில் ஒன்பதை வீணாக்கலாம். பத்தாவது கோல் ஆனால் ஹீரோ. ரைட் பேக் ஒன்பது முறை சரியாகத் தடுத்து, பத்தாவது முறை சறுக்கினால் வில்லன். அதனால்தான் இந்த இடத்துக்கு வேகத்தைவிட நிதானமும், எங்கே நிற்க வேண்டும் என்ற அறிவும் முக்கியம் என்கிறார்கள். 36 வயதிலும் ஒருவரால் இங்கே தாக்குப்பிடிக்க முடிவதற்கும் அதுதான் காரணம்.

பிரைட்டன் எப்படி வாழ்க்கையை மாற்றியது?

2010 ஜனவரியில் இங்கிலாந்தின் பிரைட்டன் அணி அவரைக் குறுகிய கால ஒப்பந்தத்தில் எடுத்தது. அப்போதைய பயிற்சியாளர் உருகுவே நாட்டைச் சேர்ந்த குஸ் போயெட். பிரைட்டன் அப்போது மூன்றாம் நிலை லீக்கில் இருந்தது. தடகளப் போட்டிகளுக்கான வித்டீன் மைதானத்தில், ஓட்டப்பாதைக்கு நடுவில் ஆடிக்கொண்டிருந்த அணி அது.

அடுத்த சீசனே, 2010-11-ல், பிரைட்டன் 95 புள்ளிகளுடன் மூன்றாம் நிலை லீக் சாம்பியன் ஆனது. இரண்டாம் நிலைக்கு உயர்ந்தது. சொந்தமாகப் புதிய மைதானமும் வந்தது. சில மாத ஒப்பந்தத்தில் வந்த கால்டெரோன் ஆறு ஆண்டுக்கும் மேலாக அங்கேயே தங்கி, 200-க்கும் மேற்பட்ட போட்டிகளில் ஆடினார். ரசிகர்களின் செல்லப்பிள்ளையும் ஆனார்.

கைக்கு எட்டியது வாய்க்கு எட்டாத கதை

இங்கே ஒரு விஷயத்தைப் புரிந்துகொள்ள வேண்டும். இங்கிலாந்து லீக்குகள் மாடிப்படி மாதிரி. நன்றாக ஆடினால் மேல் படிக்கு ஏறலாம். மோசமாக ஆடினால் கீழே இறக்கிவிடுவார்கள். உச்சிப்படிதான் பிரீமியர் லீக். இரண்டாம் நிலையில் முதல் இரண்டு இடம் பிடிக்கும் அணிகள் நேரடியாக அங்கே போகும். அப்போது மூன்று முதல் ஆறு வரை இருந்த அணிகள் பிளே-ஆஃப் ஆடி, அதில் ஒன்று மட்டும் போனது.

கால்டெரோன் இருந்த காலத்தில் பிரைட்டன் மூன்று முறை பிளே-ஆஃபுக்கு வந்தது. 2013-ல் கிரிஸ்டல் பேலஸிடம் தோல்வி. 2014-ல் டெர்பியிடம் தோல்வி. மூன்றாவதுதான் ரொம்பக் கொடுமை.

2015-16 சீசனில் பிரைட்டனும் மிடில்ஸ்பரோவும் தலா 89 புள்ளிகள். கடைசி நாளில் இந்த இரண்டு அணிகளும் நேருக்கு நேர் மோதி 1-1 என டிரா செய்தன. கோல் வித்தியாசத்தில் மிடில்ஸ்பரோ இரண்டே இரண்டு கோல் அதிகம். அவர்கள் பிரீமியர் லீக்குக்குப் போனார்கள். பிரைட்டன் பிளே-ஆஃபுக்கு வந்து ஷெஃபீல்ட் வென்ஸ்டேயிடம் தோற்றது.

அந்தக் கோடையில் 34 வயது கால்டெரோன் கிளப்பை விட்டு விலகினார். அடுத்த வருடமே, 2017-ல், பிரைட்டன் பிரீமியர் லீக்குக்கு முன்னேறிவிட்டது!

அவரோடு அதே ரைட் பேக் இடத்துக்குப் போட்டியிட்ட இன்னொரு ஸ்பெயின்காரர் புருனோ சால்டர். அவர் அங்கேயே இருந்தார், கேப்டனாக பிரீமியர் லீக்கில் ஆடி 2019-ல் ஓய்வு பெற்றார். ஒரே இடம், ஒரே நாடு, கிட்டத்தட்ட ஒரே வயது. ஒருவருக்குக் கிடைத்தது, இன்னொருவருக்குக் கிடைக்கவில்லை.

சென்னைக்கு எப்படி வந்தார்?

சைப்ரஸ் நாட்டின் அனோர்தோசிஸ் அணியில் ஒரு சீசன் ஆடிவிட்டு, 2017-ல் சென்னையின் எஃப்சி-யில் சேர்ந்தார். வயது 35. அப்போதைய பயிற்சியாளர் இங்கிலாந்தைச் சேர்ந்த ஜான் கிரிகோரி.

அந்த சீசனில் ஐஎஸ்எல் விதி ஒன்று மாறியிருந்தது. மைதானத்தில் ஒரே நேரத்தில் ஐந்து வெளிநாட்டு வீரர்கள்தான் ஆடலாம். ஆறு பேர் இந்தியர்களாக இருக்க வேண்டும். அந்த ஐந்தில் ஒரு இடத்தை வயதான ரைட் பேக்குக்குக் கொடுப்பதா என்ற கேள்வி எழுவது இயல்புதான்.

முதல் ஆட்டம் 2017 நவம்பர் 19, பெரியமேடு நேரு மைதானத்தில் கோவாவுக்கு எதிராக. இடைவேளைக்குள் கோவா மூன்று கோல் போட்டுவிட்டது. இரண்டாம் பாதியில் 70-வது நிமிடத்தில் சென்னைக்காக முதல் கோல் அடித்தவர் யார் தெரியுமா? தடுப்பாட்டக்காரரான கால்டெரோன்தான். ஆட்டம் 2-3 எனத் தோல்வியில் முடிந்தது. ஆனால் இந்த அணி சும்மா விட்டுக்கொடுக்காது என்பது அன்றே தெரிந்தது.

நேரு மைதானத்திலும் கால்பந்துத் தரையைச் சுற்றி ஓட்டப்பாதை உண்டு. பிரைட்டனில் தொடங்கிய இடம் மாதிரியேதான் சென்னையிலும் அமைந்தது.

அந்தக் கோப்பை எப்படிக் கிடைத்தது?

லீக் சுற்றில் 18 ஆட்டங்களில் 32 புள்ளிகளுடன் சென்னை இரண்டாம் இடம். 40 புள்ளிகளுடன் பெங்களூரு முதலிடம்.

அரையிறுதியில் மறுபடியும் கோவா. அந்த சீசனில் அதிக கோல் அடித்த அணி. 18 கோல் அடித்த ஸ்பெயின் ஸ்ட்ரைக்கர் கோரோமினாஸ் அங்கேதான் இருந்தார். கோவாவில் 1-1. சென்னையில் 3-0. ஜெஜே இரண்டு கோல், வியாசர்பாடி பையன் தனபால் கணேஷ் ஒரு கோல். கவனிக்க வேண்டிய விஷயம், எதிரணி பக்கத்தில் இருந்த அந்தப் பூஜ்ஜியம். அது தடுப்பாட்டக்காரர்கள் போட்ட பூஜ்ஜியம்.

இறுதிப்போட்டியில் பிரேசில் தடுப்பாட்டக்காரர் மைல்சன் ஆல்வெஸ் 17 மற்றும் 45-வது நிமிடங்களில் தலையால் முட்டி இரண்டு கோல் அடித்தார். 67-வது நிமிடத்தில் ரஃபேல் அகுஸ்டோ மூன்றாவது கோல். கூடுதல் நேரத்தில் பெங்களூருவின் மிக்கு ஒன்று திருப்பினார். அதற்குள் காலம் கடந்துவிட்டது.

2015-க்குப் பிறகு சென்னைக்கு இரண்டாவது ஐஎஸ்எல் கோப்பை அது. இங்கிலாந்தில் இரண்டு கோலில் கனவைத் தவறவிட்ட கால்டெரோன், இந்தியாவில் ஒரு கோல் வித்தியாசத்தில் சாம்பியன் ஆனார்.

அதற்குப் பிறகு என்ன ஆச்சு?

கதை அங்கேயே முடிந்திருந்தால் சினிமா மாதிரி இருந்திருக்கும். நிஜம் அப்படி இல்லை.

2018-19 சீசனில் சாம்பியன் சென்னை கடைசி இடத்துக்குச் சரிந்தது. 18 ஆட்டத்தில் இரண்டே வெற்றி, 9 புள்ளி. இங்கிலாந்தாக இருந்தால் கீழ் லீக்குக்குத் தள்ளியிருப்பார்கள். ஐஎஸ்எல்-லில் அப்போது அந்த முறை இல்லாததால் அணி தப்பித்தது. கால்டெரோன் வீரராக ஆடிய கடைசி கிளப் சென்னைதான்.

பிறகு பயிற்சியாளர் பாதைக்குத் திரும்பினார். 2024 டிசம்பரில் இங்கிலாந்தின் பிரிஸ்டல் ரோவர்ஸ் அணிக்குத் தலைமைப் பயிற்சியாளர் ஆனார். அணி இருந்தது மூன்றாம் நிலை லீக்கில். வீரராக அவர் சாம்பியன் பட்டம் வென்ற அதே லீக். சீசன் முடிவில் அணி நான்காம் நிலைக்கு இறங்கியது. 2025 மே மாதம் அவர் பதவி பறிபோனது.

இதில் நமக்கு என்ன இருக்கு?

கால்டெரோன் ஸ்பெயின் தேசிய அணிக்கு ஆடியதில்லை. பிரீமியர் லீக்கில் ஒரு நிமிடம்கூட ஆடியதில்லை. ஆனால் 35 வயது தாண்டியும் சம்பளம் வாங்கிக்கொண்டு கால்பந்து ஆடினார். நான்கு நாடுகளில் பிழைப்பு நடத்தியது அந்த ரைட் பேக் இடம்தான்.

சென்னையிலிருந்து திண்டிவனம் சுமார் 120 கிலோமீட்டர். விழுப்புரம் சுமார் 160. இரவு மேட்ச் முடிந்து எழும்பூருக்கு வந்தால், விழுப்புரம் வழியாகத் தெற்கே போகும் ரயிலைப் பிடித்து வீடு திரும்பலாம். தூரம் பெரிய பிரச்சினை இல்லை.

பக்கத்திலேயே உதாரணமும் உண்டு. நெய்வேலியில் பிறந்த எட்வின் சிட்னி வன்ஸ்பால், மிட்ஃபீல்டிலும் ரைட் பேக்காகவும் ஆடக்கூடியவர். 2018-19-ல் சென்னையின் கடைசி இடத்தில் கிடந்த அதே சீசனில், கோவையில் ஆடிய சென்னை சிட்டி அணி ஐ-லீக் சாம்பியன் ஆனது. அந்த அணியில் எட்வின் இருந்தார். அந்த அணியின் முதுகெலும்பாக இருந்தவர்களும் ஸ்பெயின் வீரர்கள்தான். பட்டத்தை உறுதி செய்த கடைசி ஆட்டத்தில் இரண்டு கோல் அடித்தவர் கௌரவ் போரா. அவரும் தடுப்பாட்டக்காரர். அதே ஆண்டு எட்வின் சென்னையின் எஃப்சி-க்கு மாறினார்.

மைதானத்தில் அணி பிரிக்கும்போது எல்லாப் பசங்களும் கேட்பது ஃபார்வர்ட் இடத்தைத்தான். "நீ பின்னாடி நில்லு" என்று சொன்னால் முகம் தொங்கிவிடும். பின்னால் நின்றே ஒருவர் 36 வயதில் கோப்பையைத் தூக்கினார் என்பதை அடுத்த முறை அந்தப் பையனுக்குச் சொல்லலாம்.