பார்த்து நின்றதற்குக் கூலி இல்லை

ஒட்டன்சத்திரத்துக் காய்கறியும் நாமக்கல் முட்டையும் அன்றாடம் லாரி ஏறிக் கேரளத்துக்குப் போகின்றன. அங்கே சரக்கு இறங்கும் இடத்தில் கிளம்பும் தகராறுக்கு ஒரு பெயர் உண்டு: நோக்குக்கூலி. தமிழருக்கு மொழிபெயர்க்க வேண்டாத மலையாளச் சொல். மூட்டையைத் தொடாமல், வேறு ஆளோ இயந்திரமோ இறக்குவதைப் பார்த்து நின்றதற்குக் கேட்கும் கூலி அது. 2018 மே 1 முதல் இது கிடையாது என்று கேரள அரசு அறிவித்தது. அப்படியும் 2021 செப்டம்பரில், தும்பாவில் உள்ள விக்ரம் சாராபாய் விண்வெளி மையத்துக்குக் கருவி ஏற்றி வந்த லாரியை மறித்து 10 லட்சம் ரூபாய் கேட்டதாகப் புகார் எழுந்தது. விண்வெளி மையத்துக்கே இந்தக் கதி என்றால் பலசரக்குக் கடைக்காரர் எம்மாத்திரம் என்று பலரும் பணத்தைக் கொடுத்துவிட்டு வாய் மூடிக்கொள்கிறார்கள். அங்கேதான் பிழை தொடங்குகிறது.

‘என் சரக்கு, என் ஆள், இடையில் நீ யார்?’ என்பது வியாபாரியின் கேள்வி. நியாயமாகத் தோன்றினாலும் சட்டப்படி அது பாதிதான் சரி. கேரளச் சுமட்டுத் தொழிலாளர் சட்டம் 1978இல் இயற்றப்பட்டது. அதன்கீழ் 1983இல் நலத்திட்டம் வந்தது. அந்தத் திட்டம் நடப்பில் உள்ள பகுதிகளில் ஏற்று, இறக்கு வேலை பதிவுபெற்ற தொழிலாளருக்கு உரியது. கூலியும் நேரடியாகக் கைமாறாமல் நலவாரியத்தின் உள்ளூர்க் குழு வழியாகப் போக வேண்டும். வியாபாரி அதோடு சேர்த்துக் கட்டும் தொகையிலிருந்துதான் தொழிலாளியின் சேமநிதியும் பிற உதவிகளும் வருகின்றன. இன்று கூப்பிட்டு நாளை விரட்டலாம் என்ற நிலையில் கழுத்தெலும்பு தேய மூட்டை சுமந்தவர்களுக்கு அந்தச் சட்டம் சும்மா வந்துவிடவில்லை. ஒரு ஆணுக்கு 55 கிலோவுக்கு மேல் சுமை கூடாது என்று சர்வதேசத் தொழிலாளர் அமைப்பு 1967இல் பரிந்துரைத்ததையும், நம் சந்தைகளில் இன்றும் முதுகில் ஏறும் மூட்டைகளையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் அந்த வேலையின் கடுமை புரியும்.

ஆனால் அதே சட்டம் வியாபாரிக்கும் கதவைத் திறந்தே வைத்திருக்கிறது. விதி 26ஏ என்பதை மனத்தில் வையுங்கள். கடையின் சொந்த ஆட்களே சரக்கு இறக்க வேண்டுமென்றால், அந்த விதிப்படி அவர்களுக்கு உதவித் தொழிலாளர் அலுவலரிடம் விண்ணப்பித்து அட்டை பெறலாம். உள்ளூர்ச் சங்கம் எதிர்க்கிறது என்பது மட்டும் அதை மறுக்கக் காரணமாகாது. போலீஸ் பாதுகாப்புக் கேட்டு உயர் நீதிமன்றம் போகும் வியாபாரியிடம் முதலில் கேட்கப்படுவது, ‘உங்கள் ஆட்களிடம் அட்டை இருக்கிறதா?’ என்பதே. இல்லையென்றால், மறித்தவர் மேல் எவ்வளவு தப்பு இருந்தாலும் வழக்கு நொண்டும். வீட்டுச் சாமான் இறக்குபவருக்கு இந்தக் கவலையே இல்லை. சொந்தத் தேவைக்கு ஒருவர் அமர்த்தும் ஆளைச் சட்டம் சுமட்டுத் தொழிலாளி என்ற வரையறையிலிருந்தே விலக்கிவிட்டது.

சங்கத்தின் பக்கத்திலும் ஒரு வாதம் உண்டு. டிப்பரும் கிரேனும் வந்து எங்கள் வேலையைத் தின்றுவிட்டன, இழந்த கூலிக்கு ஈடாகத்தான் கேட்கிறோம் என்பார்கள். இழப்பு உண்மை, அதைத் தொழிலாளர் துறையிலும் வாரியத்திலும் பேரம் பேசிப் பெறும் உரிமையும் உண்மை. லாரியின் முன் நின்று வாங்கும் காசு அந்த வகையில் சேராது. அது வாரியக் கணக்கில் ஏறாது, சேமநிதியில் ஒரு ரூபாயும் கூட்டாது, மூட்டை சுமந்து பிழைக்கும் உறுப்பினரின் பெயரையும் கெடுக்கும். கேரள உயர் நீதிமன்றம் 2021இல் நோக்குக்கூலி சட்டவிரோதம் என்று கூறி, இத்தகைய புகார்களில் பணம் பறித்தல் உள்ளிட்ட குற்றப் பிரிவுகளில் வழக்குப் பதியச் சொன்னது. பயமுறுத்திப் பணம் பறித்தால் பாரதிய நியாய சன்ஹிதாவின் 308ஆம் பிரிவு 7 ஆண்டு வரை சிறைக்கு வழி வைக்கிறது. சங்கம் அமைப்பது அரசமைப்பு தந்த உரிமைதான். மிரட்டலுக்கு அது கேடயமாகாது.

வழக்கு, கோர்ட் என்று அலைவதைவிட இரண்டாயிரம் கொடுத்தால் சரக்கு வாடாமல் இறங்குமே என்பார் காய்கறி வியாபாரி. தக்காளி காத்திருக்காது, ஒப்புக்கொள்ள வேண்டியதுதான். ஆனால் ரசீதில்லாத இரண்டாயிரம் அடுத்த லோடுக்கு வழக்கமாகிவிடும். ‘போன தடவை கொடுத்தீர்களே’ என்பார்கள். அதனால் தயாரிப்பு, லாரி கிளம்பும் முன்பே நடக்க வேண்டும். இறங்கும் இடம் நலத்திட்டப் பகுதியா, அங்கே நடப்பிலுள்ள கூலி விகிதம் என்ன என்று கொள்முதல் செய்பவரிடம் கேட்டு எழுத்தில் வாங்குங்கள். இறக்குக்கூலி யார் பொறுப்பு என்பதை பில்லிலேயே குறியுங்கள். விகிதத்துக்கு மேல் கேட்டால் உதவித் தொழிலாளர் அலுவலரிடமும், வழிமறித்தால் காவல் நிலையத்திலும் எழுத்துப்பூர்வமாகப் புகார் கொடுத்து, ஒப்புகைச் சீட்டை வாங்காமல் நகராதீர்கள்.