உங்களுக்குத் தெரியுமா? புரட்டாசியும் நாமக்கல் முட்டையும்

நாமக்கல் மண்டலத்தின் முட்டைக் கொள்முதல் விலையை அறிவிப்பது, 1982-இல் உருவான தேசிய முட்டை ஒருங்கிணைப்புக் குழு. நுண்பொருளியலின் தேவை, அளிப்புப் பாடத்துக்கு இதைவிட நல்ல உதாரணம் கொங்கு நாட்டில் இல்லை என்பேன்.

புரட்டாசி பிறந்துவிட்டால் பல வீடுகளில் கவுச்சி கிடையாது. முட்டை வாங்காததற்குக் காரணம் விலையேற்றம் அல்ல, விரதம். அதனால் தேவைக்கோடே இடப்பக்கம் நகர்கிறது. விலை மாறும்போது அதே கோட்டின் மேல் புள்ளி நகர்வது வேறு. கோடே இடம் பெயர்வது வேறு. மாணவர்கள் அதிகம் குழம்பும் இடம் இதுதான்.

அளிப்புப் பக்கம் என்ன நடக்கிறது? விரத மாதம் என்று கோழி முட்டையிடுவதை நிறுத்தாது. முட்டையை நெடுநாள் இருப்பு வைக்கவும் முடியாது. விலை உயர்ந்தாலும் உடனே பெருக்க வழியில்லை. இன்று விட்ட குஞ்சு முட்டைக்கு வர ஏறத்தாழ 20 வாரம் ஆகும். குறுகிய காலத்தில் அளிப்பு நெகிழ்ச்சி குறைவு என்பதன் பொருள் இதுவே. அளவு அசையாததால் சுமை முழுவதும் விலைமேல் விழுகிறது. விலை இறங்கினாலும் பண்ணையாளர் தீவனம் போட்டாக வேண்டும்.

வரும் ஆவணிக் கடைசியிலிருந்து ஐப்பசி வரை நாமக்கல் விலையை நாள்தோறும் குறித்து, நீங்களே வரைபடம் போட்டுப் பாருங்கள்.