தயாரானதும் வெளிவரும்

டெபியன் இயங்குதளத்துக்கு 1.0 என்ற பதிப்பே கிடையாது. 1995 இறுதியில் இன்ஃபோமேஜிக் என்ற குறுந்தகடு விற்பனை நிறுவனம், வேலை முடியாமல் கிடந்த கோப்புகளை எடுத்துத் தகட்டில் பதித்து, ‘டெபியன் 1.0’ என்று பெயரும் போட்டு விற்றுவிட்டது. அதை நிறுவினால் கணினி ஒழுங்காக ஓடாது. குழப்பம் வேண்டாமென்று டெபியன்காரர்கள் அந்த எண்ணையே தாண்டிப்போய், 1996 ஜூன் 17 அன்று தங்கள் வெளியீட்டுக்கு 1.1 என்று எண் கொடுத்தார்கள்.

திறமூல மென்பொருளில் நிரல் எல்லோர் கண்ணுக்கும் திறந்தே கிடக்கிறது. யார் வேண்டுமானாலும் அதன் இன்றைய நிலையை நகலெடுத்துக்கொள்ளலாம். பிறகு ‘வெளியீடு’ என்று தனியாக ஒரு சடங்கு எதற்கு? அந்தக் குறுந்தகடே இதற்குப் பதில். நிரல் கிடைப்பது ஒன்று. ‘இதை நம்பிப் பயன்படுத்தலாம், கோளாறு வந்தால் நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்’ என்று சிலர் பொறுப்பேற்பது இன்னொன்று. அந்தப் பொறுப்பை ஏற்பதற்கு முன்னால் நடக்கும் வேலைதான் வெளியீட்டுத் தயாரிப்பு. அதில் பெரும்பகுதி, புதிதாக எதையும் எழுதுவதல்ல; எழுதிக்கொண்டிருப்பவர்களை நிறுத்துவது.

டெபியனை 1993 ஆகஸ்டில் தொடங்கியவர் இயன் முர்டாக். அப்போது அவர் மாணவர். இன்று உலகெங்கும் சுமார் ஆயிரம் தன்னார்வலர்கள் அதன் அதிகாரபூர்வ உறுப்பினர்கள். உபுண்டு, ராஸ்பெரி பை கணினியின் இயங்குதளம், சென்னையில் சி-டாக் உருவாக்கிய பாஸ் லினக்ஸ் எல்லாம் டெபியனை அடித்தளமாகக் கொண்டவை. 1.1 பதிப்பில் 474 பொதிகள் இருந்தன. பொதி என்பது ஒரு நிரலையும் அதற்கான துணைக்கோப்புகளையும் நிறுவும் குறிப்புகளையும் ஒன்றாகக் கட்டிய மூட்டை. 2025 ஆகஸ்ட் 9 அன்று வெளிவந்த 13ஆம் பதிப்பில் அவற்றின் எண்ணிக்கை 69,830. அந்தப் பதிப்பின் செல்லப்பெயர் டிரிக்ஸி. எல்லாப் பதிப்புகளுக்கும் ‘டாய் ஸ்டோரி’ படங்களில் வரும் கதாபாத்திரங்களின் பெயர்கள்தான். தொடக்க காலத்தில் தலைமையேற்ற புரூஸ் பெரன்ஸ் அப்போது பிக்ஸார் நிறுவனத்தில் வேலை பார்த்தார். அந்தப் பழக்கம் ஒட்டிக்கொண்டது.

இவ்வளவு பெரிய வேலையை நடத்தும் அமைப்பின் சாசனத்தில் ஒரு விதி இருக்கிறது: திட்டத்துக்காக வேலை செய்யும் கட்டாயம் யாருக்கும் இல்லை. சம்பளம் கிடையாது, மேலதிகாரி கிடையாது. ‘வெள்ளிக்கிழமைக்குள் முடி’ என்று யாரும் யாரிடமும் சொல்ல முடியாது. ஆகவே வெளியீட்டுக் குழுவின் கையில் இருக்கும் கருவி ஒன்றே ஒன்று. எதை உள்ளே விடலாம், எதை விடக்கூடாது என்பதற்கான விதி.

டெபியனில் எப்போதும் மூன்று அடுக்குகள் உண்டு. புதிதாகக் கட்டிய பொதி முதலில் ‘நிலையற்றது’ என்ற அடுக்கில் விழும். அதன் நிரந்தரப் பெயர் சிட். படத்தில் பொம்மைகளைப் பிய்த்துப்போடும் பக்கத்து வீட்டுப் பையன் பெயர் அது. அங்கே சில நாள் கிடந்த பிறகு அடுத்ததான ‘சோதனை’ அடுக்குக்குப் போகலாம். அவசரத்தைப் பொறுத்து 2, 5 அல்லது 10 நாள் என்பது வழக்கம். மூன்றாவதான ‘நிலையானது’தான் உலகத்துக்குக் கொடுக்கப்படுவது.

சிட்டிலிருந்து சோதனைக்குப் பொதிகளை நகர்த்துவது மனிதரல்ல, பிரிட்னி என்ற நிரல். பழையதில் இல்லாத கடும் பிழை எதுவும் புதியதில் தெரியவரவில்லையா? ஆதரிக்கப்படும் எல்லா வகைச் சிப்புகளுக்கும் இது தொகுக்கப்பட்டதா? இதை நகர்த்தினால் இதை நம்பியிருக்கும் வேறு பொதி ஏதாவது உடையுமா? தானியங்கிச் சோதனைகளில் புதிதாகத் தோல்வி உண்டா? இவற்றில் ஒன்று இடித்தாலும் பொதி நின்ற இடத்திலேயே நிற்கும். பிரிட்னியிடம் சிபாரிசு எடுபடாது. நூறு பேர் கூடி விவாதித்து முடிவெடுக்கவேண்டிய விஷயங்களில் முக்கால்வாசியை இப்படி ஒரு நிரலின் தலையில் கட்டிவிட்டது நல்ல யோசனை என்பேன். மனிதர் மறுத்தால் மனஸ்தாபம் வரும். நிரல் மறுத்தால் வராது.

ஆனால் இறுதிக் கட்டம் மனிதர்கள் கையில்தான். பதிப்பு நெருங்கும்போது சோதனை அடுக்கைப் படிப்படியாக உறையவைக்கிறார்கள். டிரிக்ஸிக்கு 2025 மார்ச் 15 அன்று முதல் கட்டம்: கம்பைலர் போன்ற அடிப்படைக் கருவிகளில் இனிப் பெரிய மாற்றம் கூடாது. ஏப்ரல் 15இல் அடுத்தது: புதுப் பொதி வேண்டாம், இருப்பதில் சிறு திருத்தம் மட்டும். மே 15 முதல் முக்கியப் பொதிகளுக்கும் தானியங்கிச் சோதனை இல்லாத பொதிகளுக்கும் தனி அனுமதி தேவை. ஜூலை 27க்குப் பிறகு எல்லாவற்றுக்கும் தேவை. அனுமதி கேட்பவர் பழைய பொதிக்கும் புதியதுக்கும் உள்ள வேறுபாட்டை வரிவரியாகக் காட்டி, இது ஏன் அவசியம் என்று எழுத வேண்டும். வெளியீட்டுக் குழுவில் ஒருவர் உட்கார்ந்து அதைப் படிப்பார். ‘அழகாக இருக்கும்’, ‘வேகமாக ஓடும்’ என்பதெல்லாம் காரணங்களே அல்ல. பிழை திருத்தமா, அதனால் வேறெதுவும் உடையாதா என்பதே கேள்வி.

தேர் இழுக்க ஆயிரம் பேர் வடம் பிடிப்பார்கள். சக்கரத்தருகே முட்டுக்கட்டையோடு ஓடுபவர்கள் நாலைந்து பேர்தான். தேர் எங்கே திரும்பும், எங்கே நிற்கும் என்பது அவர்கள் கையில். வெளியீட்டுக் குழுவின் வேலையும் அதுதான். கைதட்டல் கிடைப்பது வடம் பிடித்தவர்களுக்கு என்பது உட்பட.

திருத்தப்படாத கடும் பிழையோடு நிற்கும் பொதி சோதனை அடுக்கிலிருந்து தானாகவே நீக்கப்படும். இல்லாமல் முடியாது என்ற அத்தியாவசியப் பொதிகளுக்கு மட்டும் விலக்கு. டிரிக்ஸியில் 14,100க்கும் மேற்பட்ட பொதிகள் புதிதாகச் சேர்ந்தன என்று மகிழ்கிறோம். அதே பதிப்பில் 8,840க்கும் மேற்பட்டவை காலாவதியானவை என்று வெளியேற்றப்பட்டன. அவற்றில் ஒவ்வொன்றும் யாரோ ஒருவர் எப்போதோ ஆசையாகக் கட்டியது.

டிரிக்ஸியைத் தயாரித்த காலத்தில் இரண்டு பெரிய சம்பவங்கள் ஏறக்குறைய ஒரே சமயத்தில் வந்து மோதின. முதலாவது, டெபியன்காரர்களே இழுத்துப் போட்டுக்கொண்டது. பழைய 32 பிட் அமைப்புகளில் கணினி நேரத்தை 1970 ஜனவரி 1 முதல் எத்தனை வினாடி கடந்தது என்ற ஓர் எண்ணாக வைத்திருக்கிறது. அந்த எண் 2,147,483,647ஐத் தாண்ட முடியாது. 2038 ஜனவரி 19 அன்று இந்திய நேரப்படி காலை 8:44:07க்கு அது நிரம்பும். அடுத்த வினாடியில் அந்தக் கணினிகளுக்கு 1901 டிசம்பர் பிறந்துவிடும். 32 பிட் சிப்புகள் இன்னும் கார்களிலும் ஆலைகளிலும் ஓடுகின்றன, 2038இலும் ஓடும். எனவே நேரத்தை 64 பிட்டில் எழுத முடிவெடுத்தார்கள். நேரத்தைத் தொடும் ஒரு நூலகப் பொதியை மாற்றினால், அதைப் பயன்படுத்தும் எல்லாவற்றையும் மீண்டும் தொகுக்க வேண்டும். பாதி பழையதும் பாதி புதியதுமாக ஓடினால் நிரல்கள் கவிழும். 2024 பிப்ரவரி இறுதியில் தொடங்கிய இந்த மாற்றத்தில் ஆயிரக்கணக்கான பொதிகள் சிக்கின. பிரிட்னி அவற்றை நகர்த்த மறுத்தபடி வாரக்கணக்கில் நின்றது.

அந்தக் களேபரத்தின் நடுவேதான், மார்ச் 29 அன்று, இரண்டாவது சம்பவம் வெளிச்சத்துக்கு வந்தது. மைக்ரோசாஃப்டில் போஸ்ட்கிரெஸ் தரவுத்தள வேலை பார்க்கும் ஆண்ட்ரஸ் ஃப்ராய்ண்ட், டெபியன் சிட் ஓடும் கணினியில் ஏதோ வேகச் சோதனை செய்துகொண்டிருந்தார். தொலைவிலிருந்து கணினிக்குள் நுழைய உதவும் எஸ்எஸ்ஹெச் வழியாக உள்நுழைவது வழக்கத்தைவிட அரை வினாடி தாமதமாகிறது என்று கண்டார். மற்றவர்கள் தோளைக் குலுக்கிவிட்டுப் போயிருப்பார்கள். இவர் தோண்டினார். கோப்புகளைச் சுருக்கும் எக்ஸ்இசட் என்ற பொதியின் 5.6.0, 5.6.1 பதிப்புகளில் ஒரு பின்வாசல் இருந்தது. அதன் சாவி வைத்திருப்பவர் உலகின் எண்ணற்ற சர்வர்களுக்குள் அனுமதியின்றி நுழைந்திருக்கலாம். புனைபெயரில் வந்த ஒருவர், இரண்டு ஆண்டுக்கு மேலாக நல்ல பிள்ளையாக உழைத்து, களைத்துப்போயிருந்த பராமரிப்பாளரின் நம்பிக்கையைப் பெற்று, வெளியீடு செய்யும் அதிகாரத்தைக் கைப்பற்றியிருந்தார்.

இதில் வெளியீட்டோடு தொடர்புள்ள நுணுக்கம் ஒன்று உண்டு. பின்வாசலின் மறைகுறியீடு, சோதனைக் கோப்பு வேடத்தில் பொதுக் களஞ்சியத்திலேயே கிடந்தது. ஆனால் அதைத் தட்டியெழுப்பும் வரிகள் களஞ்சியத்தில் இல்லை. வெளியீட்டுக்கென்று கட்டிய சுருக்கக் கோப்பில் மட்டுமே இருந்தன. எல்லோரும் படிக்கும் இடத்தில் இல்லாதது, எல்லோரும் நிறுவும் இடத்தில் இருந்தது. திறமூலம் என்றாலே ஆயிரம் கண்கள் பார்க்கின்றன என்று சொல்லிக்கொள்வோம். வெளியீடு என்ற அந்த ஒற்றைப் படியில் கண்கள் எத்தனை என்று அதுவரை அதிகம் பேர் கேட்கவில்லை.

நச்சு, சிட்டிலும் சோதனை அடுக்கிலும் நுழைந்திருந்தது. நிலையான பதிப்பில் நுழையவில்லை. அங்கே இருந்தது 5.4.1. டெபியனின் நிலையான பதிப்பைப் பற்றி ஓயாமல் சொல்லப்படும் குறை, அதில் எல்லாமே பழையது என்பது. உறைவு முடிந்து வெளிவந்த பிறகு புதுப்பதிப்பை எடுக்க மாட்டார்கள். பாதுகாப்பு ஓட்டை தெரியவந்தால் அந்தத் திருத்தத்தை மட்டும் பழைய பதிப்பில் ஒட்டுவார்கள். அந்தப் பிடிவாதம் 2024இல் எத்தனையோ சர்வர்களைக் காப்பாற்றியது. அதிர்ஷ்டமும் கலந்திருந்தது, மறுக்கவில்லை. ஆனால் புதியது வந்தவுடன் எடுத்துக்கொள்ளாமல் காத்திருப்பவர்களுக்கு அதிர்ஷ்டம் வந்துசேர நேரம் கிடைக்கிறது. உபுண்டு தன் 24.04 பதிப்பின் பீட்டாவை ஒரு வாரம் தள்ளிவைத்தது. டெபியன் தன் நிலையான பதிப்பின் திருத்த வெளியீட்டை ஏப்ரலிலிருந்து ஜூன் இறுதிக்குத் தள்ளியது.

தாமதமெல்லாம் நல்லதென்று சொல்ல வரவில்லை. 2002 ஜூலையில் வந்த பதிப்புக்கு அடுத்தது 2005 ஜூனில்தான் வந்தது. அந்த மூன்றாண்டில் சலித்துப்போனவர்கள் ஏராளம். ஆறு மாதத்துக்கு ஒரு பதிப்பு என்று 2004இல் கிளம்பிய உபுண்டுவுக்கு அந்தச் சலிப்பு கைகொடுத்தது. 2006இல் டெபியனில் சிலர் வேறு வழி பார்த்தார்கள். டிசம்பர் 4க்குள் அடுத்த பதிப்பைக் கொண்டுவர, வெளியீட்டு மேலாளர்கள் இருவருக்கு முழுநேரமாக உழைக்கப் பணம் கொடுப்பது என்று ஏற்பாடு. ‘அப்படியானால் சும்மா உழைக்கும் நாங்கள் யார்?’ என்ற கேள்வி உடனே வெடித்தது. சிலர் வேலையைக் குறைத்துக்கொண்டார்கள். பதிப்பு 2007 ஏப்ரல் 8 அன்று வந்தது. பணம்தான் தாமதத்துக்குக் காரணம் என்று அடித்துச் சொல்ல முடியாது. பணத்தால் தேதியை வாங்க முடியவில்லை என்பது மட்டும் தெளிவு.

டெபியனின் முன்னாள் தலைவர் மார்ட்டின் மிக்கல்மயர் கேம்பிரிட்ஜில் இந்த வெளியீட்டுச் சிக்கலையே முனைவர் பட்ட ஆய்வாக எடுத்துக்கொண்டார். தன்னார்வத் திட்டங்களுக்கு ‘இந்த வசதிகள் முடிந்ததும் வெளியீடு’ என்பதைவிடக் கால அட்டவணை பொருந்துகிறது என்பது அவர் காட்டிய திசை. நாள் முன்பே தெரிந்தால், யாரும் யாருக்கும் உத்தரவிடாமல் ஒவ்வொருவரும் தன் வேலையைத் தானே அளவெடுத்துக்கொள்வார்கள். இந்த வண்டியைத் தவறவிட்டால் அடுத்த வண்டி எப்போது என்பதும் தெரியும். லினக்ஸ் கருநிரல் இதன் கச்சிதமான உதாரணம்: புதியவற்றைச் சேர்க்க 2 வாரம், பிறகு வாரம் ஒரு சோதனைப் பதிப்பு, 9 அல்லது 10 வாரத்தில் லினஸ் டோர்வால்ட்ஸின் வெளியீடு. டெபியன் இதில் பாதியை எடுத்துக்கொண்டது. உறைவுத் தேதிகளைப் பல மாதம் முன்பே அறிவிக்கிறது. வெளியீட்டுத் தேதியைக் கடைசியில்தான் சொல்கிறது. நிறுத்துவதற்கு நாள் குறிக்கலாம். பிழைகள் தீர்வதற்கு நாள் குறிக்க முடியாது. இந்தப் பாகுபாடு சரியானது என்றே நினைக்கிறேன்.

வெளியீட்டு நாள் பெரும்பாலும் சனிக்கிழமை. தன்னார்வலர்களுக்கு விடுமுறை வேண்டுமே. களஞ்சியக் குழுவினர் காலையிலேயே தொடங்குவார்கள். நேற்றுவரை ‘நிலையானது’ என்றிருந்ததைப் ‘பழையது’ என்று பெயர்மாற்றி, சோதனை அடுக்கை அந்த இடத்தில் அமர்த்தி, அடுத்த பதிப்புக்குப் புது அடுக்கு திறந்து, கோப்புப் பட்டியலுக்கு மின்னணுக் கையொப்பம் இடுவார்கள். பிறகு நிறுவுவதற்கான வட்டுப் படிமங்கள் தயாராகும். பழைய பயாஸ் கணினி, புதிய யூஇஎஃப்ஐ கணினி, பூட்டிட்ட வட்டு, பார்வையற்றோருக்கான பேச்சொலி நிறுவல் என்று ஆளுக்கொன்றாக எடுத்துச் சோதிப்பார்கள். மணிக்கணக்கில் இது நடந்து முடிந்து, படிமங்கள் உலகெங்கும் உள்ள சர்வர்களுக்குப் போய்ச் சேர்ந்த பின்தான் அறிவிப்பு வரும். டிரிக்ஸியின் அறிவிப்பு அதற்கான உழைப்பை 2 ஆண்டு, 1 மாதம், 30 நாள் என்று கணக்கிட்டது.

அடுத்த பதிப்பின் பெயர் ஃபோர்க்கி. அதன் உறைவு வரும்வரை பிழை சொல்ல நேரம் இருக்கிறது. டெபியனின் வரைகலை நிறுவியில் தமிழும் ஒரு மொழி. அந்தத் தமிழை யாராவது நிறுவிப் பார்த்தால்தான் தவறுகள் தெரியும். வீட்டில் பழைய கணினி சும்மா கிடந்தால் சோதனைப் படிமத்தை இறக்கி, மொழிப் பட்டியலில் தமிழைத் தேர்ந்தெடுத்து நிறுவிப் பாருங்கள். எழுத்து உடைந்தாலோ வாக்கியம் புரியாவிட்டாலோ ஒரு மின்னஞ்சல் அனுப்புங்கள். டெபியனில் பிழை பதிய அது போதும். கணக்குத் தொடங்கக்கூட வேண்டியதில்லை.