பழைய படச்சுருள் வியாபாரம்

தொழில் என்னவென்று கேட்பவரிடம் "பழைய படம் விற்கிறேன்" என்றால் என்னைக் காயலான் கடைக்காரன் என்றே எண்ணுகிறார்கள். இனி எடுக்கவே முடியாத காட்சிகளை, அன்றே எடுத்த சுருள்களிலிருந்து தேடி, சினிமாவுக்கும் டெலிவிஷனுக்கும் தருகிறேன். அவ்வளவுதான்.

ஆயிரம் அடி கொண்ட 35 மில்லிமீட்டர் சுருள் சுமார் பதினோரு நிமிஷம் ஓடும். கேட்பவருக்கு வேண்டியதோ ஆறு விநாடி! மௌனப் படக் காலத்துச் சுருளானால் வேகத்தையும் திருத்தவேண்டும். இன்றைய 24 கட்டக் கணக்கில் அப்படியே ஓட்டினால் பெருந்தலைவர்களும் துள்ளி ஓடுவார்கள். உரிமையும் பார்க்கவேண்டும், நம் சட்டப்படி படம் வெளியான மறு ஆண்டு முதல் 60 ஆண்டுகள்.

இத்துறையில் நமக்கு முன்னோடி ஏ. கே. செட்டியார். காந்தியடிகளைப் பற்றிய துண்டுகளை நாடு நாடாகச் சென்று சேர்த்து 1940-இல் படமாக வெளியிட்டார்.

சுருள் டப்பாவின் மேலுள்ள சீட்டை மட்டும் நம்பலாகாது. குல்லாய், கொடி, டிராம், மோட்டார் இவையே ஆண்டைச் சொல்லும். ஒரு கம்பெனியார் தண்டி யாத்திரைக்கு ஏதேனும் ஒரு ஜனக்கூட்டம் போதும் என்றார்கள். மறுத்தேன். "யாருக்குத் தெரியப் போகிறது?" என்று வேறிடத்தில் வாங்கிக்கொண்டார்கள். படம் வந்ததும் பார்த்தேன். "தண்டி, 1930" என்ற எழுத்துக்குப் பின்னால், ஐம்பதுகளின் பிற்பகுதியில் பிறந்த அம்பாசிடர் கார் ஒன்று ஹாயாக நின்றுகொண்டிருந்தது.