பொய் சொல்லாத சாட்சி

1990-ஆம் வருஷம் அமெரிக்காவில் கலிபோர்னியா மாகாணத்தில் ஒரு விசித்திரமான கொலை வழக்கு நடந்தது. 1969-ல் எட்டு வயதுச் சிறுமி ஒருத்தி கொல்லப்பட்டாள். இருபது வருஷம் துப்புத் துலங்கவில்லை. பிறகு அவளுடைய தோழி, தன் தகப்பனாரே கொன்றதைக் கண்டதாகவும், மனத்தில் புதைந்து கிடந்த அக்காட்சி திடீரென்று மேலெழுந்ததாகவும் சாட்சி சொன்னாள். ஜூரிகள் நம்பினார்கள், தகப்பனாருக்கு ஆயுள் தண்டனை. 1995-ல் அத்தீர்ப்பு ரத்தாயிற்று. மறுவருஷம் அவர் விடுதலையானார்.

அந்தப் பெண் பொய் சொன்னாளா? அப்படிச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஞாபகத்தைப் பெட்டியில் மடித்து வைத்த பட்டுப்புடவை என்று நாம் எண்ணுகிறோம். உண்மையிலோ, எடுக்கும்போதெல்லாம் மனம் அதை மறுபடி நெய்கிறது. பிறர் சொல்லக் கேட்டதும் ஊடிழையாகச் சேர்ந்துவிடுகிறது.

அவ்வழக்கில் எதிரிக்காகச் சாட்சி சொன்ன எலிஸபெத் லாப்டஸ் என்னும் மனோதத்துவப் பேராசிரியை, 1995-ல் ஒரு சோதனையை வெளியிட்டார். சிறு வயதில் அங்காடியில் காணாமற் போனதாக, நடவாத கதையொன்றை நிஜச் சம்பவங்களோடு கலந்து 24 பேரிடம் கொடுத்தார். ஆறு பேர், முழுதாகவோ அரைகுறையாகவோ, அது நடந்ததென்றே ஒப்புக்கொண்டார்கள்!

மற்றப் பதினெட்டுப் பேர் ஏமாறவில்லையே என்று எதிர்க்கட்சியார் கேட்பதும் நியாயந்தான். பால்யத்தில் கொடுமைக்கு ஆளானவர்கள் வெகுகாலம் வாய் திறவாதிருப்பது மெய். இச்சோதனையைக் காட்டி அவர்கள் வாயை அடைப்பது மகாபாவம்.

வகுப்பில் சண்டை வந்தால், “அவன்தானே அடித்தான்?” என்று விசாரிப்பதை நான் விட்டுவிட்டேன். “என்ன நடந்தது?” என்று மட்டும் கேட்கிறேன்.