தோளில் சுண்ணாம்பு, ஏட்டில் எண்

ராயபுரத்தில் தொடங்கித் திருவொற்றியூர் வழியாக எண்ணூர் வரை நீண்டிருக்கும் பகுதியை உழைப்பாளர் தோள்களின் நாடு என்றே சொல்லலாம். துறைமுகத்துச் சரக்கைத் தலைமுறை தலைமுறையாகச் சுமந்தவை அந்தத் தோள்களே. 1983-ஆம் ஆண்டில் சென்னைத் துறைமுகத்தில் கன்டெய்னர் முனையம் வந்து, பெரும் பளுவைக் கிரேன்கள் ஏற்றுக் கொண்டன. ஆனாலும் காசிமேட்டில் வலை இழுக்கவும், லாரியின் மேல் தார்ப்பாயை இறுக்கிக் கட்டவும், பட்டறையில் ஸ்பேனரை முறுக்கவும் இன்றும் மனிதனுடைய தோள்தான் வேண்டியிருக்கிறது.

ஆகவே தோள்வலி இங்கே புதிய சங்கதி அல்ல. "வாயுப் பிடிப்பு" என்று சொல்லித் தைலத்தைத் தேய்த்துக் கொண்டு மறுநாள் வேலைக்குப் போகிறவர்களே அதிகம். ஆனால் எல்லாத் தோள்வலியும் ஒன்றல்ல. அவற்றுள் ஒன்று சற்று விசித்திரமானது. தோளுக்குள் சுண்ணாம்பு படிவதால் வருவது அது.

குணமாகும்போது வலிக்கும் நோய்

தோள் எலும்பையும் தசையையும் இணைக்கும் நாண்களில் கால்சியம் உப்பு சிறுகச் சிறுகத் திரண்டு கட்டியாகிறது. பெரும்பாலும் முப்பது வயதுக்கும் அறுபது வயதுக்கும் இடையில் இது வருகிறது. சுமை தூக்குகிறவர்களுக்கு மட்டுமே உரியதும் அல்ல. வீட்டு வேலை செய்யும் பெண்களுக்கும் உண்டு. கட்டி வளரும் காலத்தில் பலருக்கு வலியே தெரிவதில்லை. உடம்பே அந்தக் கட்டியைக் கரைக்க முற்படும்போதுதான் தாங்க முடியாத வலி கிளம்புகிறது. இரவில் அந்தப் பக்கம் ஒருக்களித்துப் படுக்க முடியாது. சட்டை மாட்டக் கை எழும்பாது. எக்ஸ்ரே எடுத்தால் வெள்ளைப் புள்ளியாகத் தெரியும்.

சுண்ணாம்பு என்றதும் வெற்றிலை போடுகிறவர்கள் பயப்பட வேண்டாம். உணவில் உள்ள கால்சியம் மிகுதியாகி இது வருவதில்லை. பாலையும் கேழ்வரகையும் நிறுத்தத் தேவையில்லை. பெரும்பாலோருக்கு மருந்தும் உடற்பயிற்சிச் சிகிச்சையுமே போதும். சிலருக்கு ஊசி வழியாகக் கட்டியைக் கழுவி எடுப்பார்கள். அறுவைச் சிகிச்சை தேவைப்படுகிறவர்கள் சிலரே.

இதே கால்சியம் படிகம் நாணில் தங்காமல் மூட்டுக்குள்ளேயே இறங்கி விடுவதும் உண்டு. வயது முதிர்ந்த பெண்களிடம் அதிகம் காணப்படும் அந்த நோய் தோள்மூட்டையே அரித்து விடும். 1981-ல் அமெரிக்காவின் மில்வாக்கி நகரில் டாக்டர் டேனியல் மெக்கார்ட்டியும் அவருடைய சகாக்களும் இதை விவரித்ததால் 'மில்வாக்கித் தோள்' என்றே அதற்குப் பெயர். அந்தப் படிகங்கள் மிக நுண்ணியவை. சாதாரண மைக்ராஸ்கோப்பில் தனித்தனியே அகப்படா.

நோய்க்கும் ஒரு விலாசம்

வீட்டுக்குக் கதவு எண் இருப்பது போல ஒவ்வொரு நோய்க்கும் உலக முழுவதும் ஒரே எண் உண்டு. 1893-ல் பிரெஞ்சுக்காரரான ஜாக் பெர்ட்டில்லான் தயாரித்த பட்டியலே இதற்கு மூலம். ஆனால் அது மரணக் காரணங்களின் பட்டியல். தோள்வலியால் செத்தவர் யார்? 1948-ல் உலக சுகாதார ஸ்தாபனம் ஆறாவது திருத்தத்தை வெளியிட்டபோதுதான், கொல்லாமல் வாட்டும் நோய்களும் அந்தச் சர்வதேசப் பட்டியலில் முறைப்படி இடம் பெற்றன. நம் நாட்டில் தொழிலாளர் அரசு இன்ஷூரன்ஸ் சட்டம், அதாவது ஈ.எஸ்.ஐ. சட்டம், பிறந்ததும் அதே 1948-ல்தான்.

பதினோராவது திருத்தம் 2022 ஜனவரி முதல் தேதி அமலுக்கு வந்து விட்டது. என்றாலும் நம் ஆஸ்பத்திரிகளில் பரவலாகப் பழகியிருப்பது பத்தாவது திருத்தமே. அதில் தோள் நாணில் சுண்ணாம்பு படிந்தால் எம் 75.3. மூட்டுக்குள் படிந்தால் எம் 11.0, அதன் பின்னால் 1 என்று சேர்த்தால் இடம் தோள் என்று பொருள். தோள் இறுகிப் போனால் எம் 75.0. கீழே விழுந்தோ சுமை சரிந்தோ தோள் நாண் அறுந்தால் எழுத்தே மாறி எஸ் 46.0 ஆகி விடும். 'மூட்டு வலி' என்பதற்கு மேல் ஒன்றும் தெரியாவிட்டால் எம் 25.5.

'எம்' என்பது எலும்பு, தசை நோய். 'எஸ்' என்பது காயம். ஓர் எழுத்துத்தானே என்று எண்ணலாம். வேலையில் அடிபட்டவன் நஷ்ட ஈடு கேட்கும்போது, அது விபத்தா, தானாக வந்த நோயா என்பதே முதற் கேள்வி. எண் தீர்ப்புச் சொல்வதில்லை. ஆனால் அது சாட்சிகளுள் ஒன்று. அடிபட்ட கதையை டாக்டரிடம் சொல்லாமல் "வலிக்கிறது" என்று மட்டும் சொன்னவனுக்கு அந்தச் சாட்சி உதவாது.

எண் போடுகிறவர் டாக்டர் அல்ல. பதிவேட்டுப் பிரிவின் ஊழியர். டாக்டர் எழுதாததை அவர் ஊகித்து எழுதக் கூடாது. சீட்டில் 'தோள்வலி' என்று மட்டும் இருந்தால், எக்ஸ்ரேயில் கட்டி பளிச்சென்று தெரிந்தாலும் கணக்கில் ஏறுவது வெறும் வலியே. அப்படி ஆயிரம் சீட்டுகள் சேர்ந்தால், இந்தப் பகுதியில் சுண்ணாம்புத் தோள் எத்தனை, அறுந்த நாண் எத்தனை என்று எவராலும் சொல்ல இயலாது. எண்ணிக்கை இல்லாத நோய்க்குச் சிகிச்சைப் பிரிவும் கருவியும் கேட்பது எப்படி?

ராயபுரம் பக்கத்தில் உள்ள ஸ்டான்லி ஆஸ்பத்திரியில் 1971-ல் டாக்டர் ஆர். வெங்கடசாமி கை அறுவைச் சிகிச்சைக்கென்றே ஒரு பிரிவைத் தொடங்கினார். இயந்திரத்தில் நசுங்கிய கை எல்லோருடைய கண்ணிலும் படும். உள்ளே வலிக்கும் தோள் ஏட்டில்தான் கண்ணில் பட வேண்டும்.

ஒரு டாக்டரின் பிடிவாதம்

தோளையும் ஏட்டையும் ஒருசேரக் கவனித்த மேதை ஒருவர் இருந்தார். பாஸ்டன் நகரத்து டாக்டர் எர்னெஸ்ட் காட்மன் 1934-ல் தோளைப் பற்றியே ஒரு பெரும் புத்தகம் எழுதினார். நாணில் படியும் சுண்ணாம்பும் அதில் இடம் பெற்றது. அதற்கு வெகு காலம் முன்பே, ஒவ்வொரு நோயாளிக்கும் ஓர் அட்டை வைத்து, என்ன நோய், என்ன சிகிச்சை, ஓர் ஆண்டு கழித்து என்ன பலன் என்று குறிக்க வேண்டுமென்று அவர் வாதாடினார். சகாக்களுக்கு அது கசந்தது; அவர் தம் ஆஸ்பத்திரிப் பதவியை விட நேர்ந்தது. இன்று உலகம் அவர் வழியைத்தான் பாராட்டுகிறது.

நாம் செய்யக் கூடியது எளிது. வலி எப்போது வந்தது, அடிபட்டதா, என்ன வேலை செய்கிறோம் என்பதை டாக்டரிடம் ஒளிக்காமல் சொல்ல வேண்டும். வீட்டுக்கு அனுப்பும்போது தரும் சீட்டில் நோயின் பெயரும், இடது தோளா வலது தோளா என்பதும் எழுதியிருக்கிறதா என்று கேட்டுப் பார்க்க வேண்டும். பத்தாவது திருத்தத்தின் உலகப் பட்டியலில் பக்கம் குறிக்கும் இலக்கம் இல்லை; அமெரிக்கர் 2015 அக்டோபர் முதல் கையாளும் பட்டியலில் உண்டு. நமக்கு டாக்டரின் பேனாவே துணை. எக்ஸ்ரேயையும் சீட்டையும் ரேஷன் கார்டைப் போலப் பத்திரப்படுத்த வேண்டும்.

தோள் உழைத்ததற்குக் கூலி கொடுத்து விடலாம். அது நொந்ததற்கு நியாயம் கிடைக்க வேண்டுமானால், நோவின் பெயர் ஏட்டில் சரியாக ஏற வேண்டும்.